கோரைக்குட்டைக்காக வாதாட வந்தேன்

தலைமைப் பீடத்தை அணிசெய்து அமர்ந்திருக்கும் அரிசி மில் அதிபர், அன்பின் அண்ணன் குப்புராஜ் அவர்களே! மேடைக்கு இடப்புறம் விசிறியும் கையுமாக வீற்றிருக்கும் ஊர்ப் பெரியவர்களே! பள்ளிவாசல் தெருவிலிருந்தும் மாரியம்மன் கோயில் தெருவிலிருந்தும் வந்து ஒரே ஜமக்காளத்தில் இடம் பிடித்து உட்கார்ந்திருக்கும் என் தாய்மார்களே, தங்கைமார்களே! லாரிகளை ஓரங்கட்டிவிட்டு வந்திருக்கும் ஓட்டுநர் தோழர்களே! சந்தைக்குக் கொண்டுவந்த மாட்டை விற்காமல், மாட்டோடு கூட்டத்துக்கும் வந்துவிட்ட அன்பர்களே! அசைபோட்டபடி அமைதி காக்கும் அந்த மாடுகளே! உங்கள் அனைவருக்கும் என் வணக்கம், என் சலாம். மூக்கைப் பொத்திக்கொண்டு கேட்கும் முன்வரிசைக்கு மட்டும் தனியாக இன்னொரு வணக்கம்.

ஆமாம், நாற்றம் அடிக்கிறது. மறைக்க முடியுமா? மேடைக்குப் பின்னால் இருபது முழத்தில் கிடக்கிறது கோரைக்குட்டை. காற்று இந்தப் பக்கம் திரும்பினால் என் பேச்சு எடுபடாது, அந்தக் குட்டையின் பேச்சுதான் எடுபடும். அதனால் காற்று திரும்புவதற்குள் விஷயத்துக்கு வந்துவிடுகிறேன்.

என்னை உங்களுக்குத் தெரியும். மிளகாய் மண்டி முகம்மது கவுஸ். பகலில் மிளகாய் விற்கிறேன்; மாலையில் மைக் கிடைத்தால் விட மாட்டேன். என்ன தம்பி அங்கே சிரிப்பு? "சுருக்கமாப் பேசுங்க பாய்" என்கிறீர்களா? பேசுகிறேன். ஆனால் மிளகாய்க்காரனிடம் காரமில்லாத சரக்கைக் கேட்கக் கூடாது.

வருகிற திங்கட்கிழமை ஊராட்சி மன்றம் கூடுகிறது. இந்தக் கோரைக்குட்டையை மண் போட்டு மூடிவிட்டு, மேலே லாரி நிறுத்துமிடம் கட்டலாமா என்று ஒரு தீர்மானம் வருகிறது. அதற்கு முன்னால் ஊரின் மனம் என்ன என்று அறிவதற்குத்தான் இந்தக் கூட்டம். மூட வேண்டும் என்ற கட்சிக்குச் சற்று முன் பேசியவர் என் நண்பர் லாரி சர்தார். மூடக் கூடாது என்று பேசத் தலைவர் என்னை அழைத்தார். நான் நடுநிலைமைவாதி அல்ல என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எனக்கு இதில் சொந்த நலன் இருக்கிறது. அந்தச் சொந்த நலன், அதோ, தாய்மார்கள் பகுதியில் தூணோரமாகத் தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருக்கிறது. என் வீட்டுக்காரி ரஹமத் பீவி.

கோபிக்காதே ரஹமத். ஊர் அறியாத செய்தியா இது?

அவளுக்குச் சர்க்கரை நோய். காலில் புண் வந்து, ஆறாமல், தர்மபுரி டாக்டர் ஒருநாள் என்னைத் தனியே அழைத்துச் சொன்னார்: "இந்தம்மா தெனமும் சாயங்காலம் நல்லா நடக்கணுங்க. நடந்தாங்கன்னா காலு தப்பிக்கும். நடக்கலேன்னா நான் பொறுப்பில்லீங்க." வெளியே வந்து நான் அவளிடம் சொன்னேன். அவள் ஒரே ஒரு கேள்வி கேட்டாள்: "எங்கீங்க நடக்கறது?"

பெரியோர்களே, சொல்லுங்கள். இந்த ஊரில் ஒரு பெண் எங்கே நடப்பாள்? நெடுஞ்சாலையில் நடப்பாளா? தொப்பூர்க் கணவாயில் இறங்கிய வேகம் குறையாமல் லாரிகள் பறக்கும் சாலையிலா? பஸ் ஸ்டாண்டில் நடப்பாளா? டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் அத்தனை கண்களும் கூடவே நடக்குமே! சந்தை மைதானத்தில் நடப்பாளா? மாடு முட்டினால் நான் பதில் சொல்வதா, மாட்டுக்காரர் பதில் சொல்வதா? ஆணுக்கு நடக்க ஊரெல்லாம் இடம் இருக்கிறது. பெண்ணுக்கு நடக்க, தண்ணீர்க் குடத்தைத் தூக்கிக்கொண்டால் மட்டும்தான் இடம் இருக்கிறது. வெறுங்கையோடு நடந்தால், "எங்கம்மா போறீங்க?" என்று கேட்காத வாய் உண்டா? கடைசியில் அவள் எங்கள் வீட்டுக் கொல்லையில் கிணற்றைச் சுற்றி வந்தாள். செக்கு மாடு மாதிரி சுற்றிச் சுற்றி வந்தாள். தலை சுற்றியது, கால் ஆறவில்லை.

அவள் கதை அப்படியே நிற்கட்டும். குட்டைக்கு அப்பால் கிடக்கும் நம் ஏரியின் கதைக்கு வருகிறேன்.

நம் சந்தையின் வழக்கம் வேறு எந்தச் சந்தையிலும் இல்லை. துண்டுக்குள் கையை விட்டு, விரலைப் பிடித்து, விலை பேசி முடித்த பிறகும் இங்கே வியாபாரம் முடிவதில்லை. மாட்டை ஏரிக்கரைக்கு ஓட்டிப் போக வேண்டும். வாங்குகிறவர் கண்ணெதிரே அது தண்ணீரில் வாய் வைக்க வேண்டும். வாய் வைத்தால்தான் கயிறு கைமாறும். குடிக்காத மாடு கோளாறு பிடித்த மாடு என்பது நம் ஊர்ச் சட்டம்.

அந்த ஏரிக்கு என்ன ஆயிற்று? ஒவ்வொரு மழைக்கும் சந்தை மைதானத்தின் சாணமும், லாரி கழுவிய எண்ணெயும், என் மண்டியின் மிளகாய்த் தூசியும், சரிந்த மேட்டிலிருந்து சலசலவென்று ஓடி நேரே ஏரியில் விழுந்தன. மழை ஊரைக் கழுவியது. ஊரின் அழுக்கை ஏரி குடித்தது. ஒரு சந்தை நாளில் நம் கோவிந்தன் அருமையான கிடாரி ஒன்றைக் கொண்டுவந்தார். ஏரியூரிலிருந்து வந்தவர் விலை பேசிவிட்டார். கரைக்கு ஓட்டிப் போனார்கள். கிடாரி தண்ணீரை மோந்தது, தும்மியது, திரும்பிக்கொண்டது.

"மாட்டுக்கு என்னமோ சீக்குங்க. எனக்கு வேணாங்க" என்றார் வாங்க வந்தவர்.

கோவிந்தன் கையைத் தலையில் வைத்துக்கொண்டு கத்தினார்: "ஐயோ, மாட்டுக்குச் சீக்கில்லீங்க! ஏரிக்குத்தாங்க சீக்கு!"

சத்தியமான வார்த்தை. ஆனால் சத்தியத்தைக் கேட்டு யார் மாடு வாங்குவார்கள்? ஒவ்வொருவராகக் காரிமங்கலம் சந்தைக்கு நடையைக் கட்டினார்கள். நம் சந்தை காற்று வாங்கியது.

அப்போதுதான் பொறியாளர் லூர்துமேரி அம்மா தர்மபுரி பஸ்ஸிலிருந்து இறங்கினார். குடையும் ரப்பர் செருப்புமாக வந்து, மழை கொட்டும்போது மைதானத்தில் நின்று, தண்ணீர் போகிற வழியெல்லாம் தானும் போனார். பிறகு இதே இடத்தில் நின்று சொன்னார்: "தண்ணி ஓடி வருதுங்க. ஓடற தண்ணிய நடக்க வெக்கணும். நடக்கற தண்ணிய உக்கார வெக்கணும். உக்காந்தாத்தான் அது தூக்கியாந்த அழுக்கக் கீழ எறக்கி வெக்கும்."

எப்படி உட்கார வைப்பது? முதலில் ஓர் ஆழக் குழி. அதில் மண்ணும் சாணமும் படியும். அடுத்து அகலமான படுகை. அதில் சரளைக் கல் பரப்பி, நெருக்கமாகச் சம்பும் கோரையும் நட்டால், தண்டுகளுக்கு நடுவே தண்ணீர் ஊர்ந்து போகும், வேர்களில் வாழும் கண்ணுக்குத் தெரியாத கிருமிகள் அழுக்கைத் தின்னும். கடைசியில் அல்லி பூத்த ஆழமில்லாத குட்டை. அங்கிருந்து தெளிந்த தண்ணீர் மட்டும் கல் மேல் வழிந்து ஏரிக்குப் போகும். சுற்றிலும் கரை போட்டு, கரை மேல் நடைபாதை; நிழலுக்குப் புங்க மரம்; உட்காரக் கல் பெஞ்சு.

ஊர் என்ன சொல்லிற்று? சிரித்தது! அந்தச் சிரிப்புக்கு முன்னணியில் நின்றவர் யார்? இதோ முதல் வரிசையில் முறைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் என் மரியாதைக்குரிய விவசாயி மாது அண்ணன்! "சாக்கடைக்குப் பூந்தோட்டமாம், அதச் சுத்திப் பார்க்கப் பெஞ்சாம்!" என்று அவர் சொன்னது அன்றைக்குச் சந்தையெல்லாம் சுற்றி வந்தது. இல்லையா அண்ணே? தலையாட்டுகிறார். நல்ல மனிதர், மறுக்கத் தெரியாதவர்.

ஆனாலும் குட்டை எழுந்தது. சம்பு ஆளுயரம் வளர்ந்தது. ஒரு மழைக்காலம் போனது. ஏரியின் நிறம் திரும்பியது. மறுபடியும் ஒரு சந்தை நாளில் மாடு ஒன்று கரைக்குப் போய், முன்னங்காலை மடக்கி, காது ஆடாமல், மூச்சு விடாமல் குடித்தது. கூடி நின்றவர்கள் கைதட்டினார்கள். மாடு தண்ணீர் குடித்ததற்குக் கைதட்டிய ஊர் இந்த வையத்தில் நம் ஊர் ஒன்றாகத்தான் இருக்கும்! அது யார் மாடு? சிரித்த மாது அண்ணனின் மாடு! அன்றிலிருந்து கோரைக்குட்டைக்கு அவரைவிடப் பெரிய காவல்காரர் கிடையாது. கல் எறிகிற பையன்களைத் துரத்துவார். வெளியூர்க்காரர் வந்தால் கையைப் பிடித்துக் கூட்டிப்போய்க் காட்டுவார்.

இதற்கு நடுவில் யாரும் கூப்பிடாமலே இன்னொன்று நடந்தது. ஒரு மாலையில் மாரியம்மன் கோயில் தெரு பாஞ்சாலி அம்மா, பேத்தியைத் தூக்கிக்கொண்டு கரை மேல் நடந்தார். மறுநாள் துணைக்கு இரண்டு பேர். லாரி வராத பாதை. டீக்கடை இல்லாத பாதை. ஒருபுறம் ஆளுயரச் சம்பு திரை கட்டி நின்றது, மறுபுறம் ஏரி. அப்புறம் ஒரு வெள்ளிக்கிழமை பாஞ்சாலி அம்மா எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார்: "ஏனுங்க பீவியம்மா, வூட்டுக்குள்ளயே சுத்திச் சுத்தி என்னத்தக் கண்டீங்க? வாங்க, காத்தாட நடக்கலாம்."

என் மனைவி போனாள். நடந்தாள். முதல் நாள் பாதி வழி. பிறகு ஒரு சுற்று. பிறகு சுற்றுக் கணக்கே மறந்துபோய்ப் பேச்சிலேயே நடந்தாள். அந்தக் கரையில் என்ன பேசினார்களோ, எனக்குத் தெரியாது. கேட்டாலும் சொல்ல மாட்டாள். ஆனால் வீட்டுக்குள் வரும்போது சிரித்துக்கொண்டே வந்தாள். கால் புண் ஆறிற்று. டாக்டர் என் தோளில் தட்டி, "என்ன மருந்து குடுத்தீங்க?" என்றார். "கோரைக்குட்டை குடுத்தேனுங்க" என்றேன். அவருக்குப் புரியவில்லை. எனக்குக் கண் கலங்கிவிட்டது, ஐயா. சபையில் சொல்ல வெட்கப்படவில்லை.

இப்படி இருந்த குட்டை இன்றைக்கு ஏன் நாறுகிறது?

கேட்க வேண்டிய கேள்வி இதுதான். சர்தார் பாய் அதைக் கேட்காமலே இறங்கிவிட்டார்.

புரட்டாசியில் குட்டையைப் பார்வையிடப் பெரிய அதிகாரி ஒருவர் வருவதாகச் சேதி வந்தது. நமக்குத் தலைகால் புரியவில்லை. விருந்தாளி வருகிறார் என்றால் நம் ஊரில் என்ன செய்வோம்? தெருவைப் பெருக்குவோம். கல்லுக்கெல்லாம் சுண்ணாம்பு அடித்துச் செம்மண் பட்டை போடுவோம். குளம் குட்டை என்றால், அதில் முளைத்த புல் பூண்டை எல்லாம் பிடுங்கித் தண்ணீரைத் துடைத்து வைப்போம். கோயில் குளத்துக்கு வழிவழியாகச் செய்கிற மரியாதை அது. அதே மரியாதையைக் கோரைக்குட்டைக்கும் செய்தோம். ஊரே இறங்கிற்று. முன்னால் இறங்கியவர் மாது அண்ணன். சம்பை வேரோடு பிடுங்கினார்கள். கோரையை வாரினார்கள். அல்லிக் கொடியை அறுத்தார்கள். வண்டி வண்டியாக ஏற்றி அனுப்பினார்கள். நான் குண்டூரில் மிளகாய் கொள்முதல் செய்துகொண்டிருந்தேன்; ஊரில் இருந்திருந்தால் நானும்தான் மண்வெட்டியோடு இறங்கியிருப்பேன். அத்தனையும் அன்பால் செய்த வேலை.

மறுநாள் காலையில் லூர்துமேரி அம்மா வந்தார். பளபளவென்று கிடந்த வெறும் தண்ணீரைப் பார்த்தார். கரைக் கல்லெல்லாம் வெள்ளை, சிவப்பு, வெள்ளை, சிவப்பு. மாது அண்ணன் ஓடிப்போய், வியர்வையைத் துடைத்துக்கொண்டு கேட்டார்: "எப்படீங்கம்மா இருக்குது?"

அந்த அம்மா திட்டவில்லை. பெஞ்சில் மெல்ல உட்கார்ந்தார். சொன்னார்: "ரொம்பச் சுத்தமாப் பண்ணிட்டீங்க." குடையை எடுத்துக்கொண்டு எழுந்து போனார்.

அதிகாரி வந்தார், மாலை போட்டோம், "எவ்வளவு சுத்தமான குளம்!" என்று பாராட்டிவிட்டுப் போனார். ஐப்பசி பிறந்தது. மழை இறங்கிற்று. சந்தை அழுக்கு எல்லாம் பழைய வழியே பாய்ந்து வந்தது. வேகத்தைத் தடுக்கச் சம்பு இல்லை. அழுக்கைத் தின்ன வேர் இல்லை. கொஞ்சம் குட்டையில் தங்கி நாறுகிறது. மிச்சம் ஏரிக்குப் போய் மீனைக் கொன்றது. கொசு வந்தது. பெண்கள் கரைக்கு வருவதை நிறுத்தினார்கள். ரஹமத் பீவி மறுபடியும் கிணற்றைச் சுற்றுகிறாள். நேற்று அவள் காலில் ஒரு சிறு சிவப்பைப் பார்த்தேன். அவள் அதைப் புடவைக்குள் மறைத்துக்கொண்டாள்.

இப்போது சொல்லுங்கள், குற்றவாளி யார்? குட்டையா? வேலைக்காரனை வீட்டை விட்டுத் துரத்திவிட்டு, வேலை நடக்கவில்லை என்று வீட்டை இடிப்பீர்களா? பல்லைப் பிடுங்கிவிட்டு, மெல்லவில்லை என்று வாயைத் தைப்பீர்களா? குட்டை நாறுகிறது, உண்மை. ஆனால் அது யாருடைய நாற்றம்? உங்கள் நாற்றம், என் நாற்றம், நம் சந்தையின் நாற்றம்! மூடினால் நாற்றம் போகுமா? குட்டையை மூடலாம், மழையை மூட முடியுமா? மேட்டை மூட முடியுமா? அந்தத் தண்ணீர் லாரிச் சக்கரத்துக்கு அடியில் நுழைந்து அதே ஏரிக்குத்தான் போகும். அப்போது எதை மூடுவீர்கள்? ஏரியையா?

சர்தார் பாய், உங்கள் மேல் எனக்கு வருத்தமில்லை. உங்கள் டிரைவர்கள் கணவாய் கடந்து களைத்து வருகிறவர்கள். அவர்கள் கால் நீட்ட இடம் வேண்டும், நியாயம். சாலைக்கு அந்தப்பக்கம் வேலிக்காத்தான் முள் மண்டிக் கிடக்கும் புறம்போக்கைச் சீர்செய்து கேளுங்கள். உங்களுக்காக இதே மைக்கில் இதைவிட நீளமாகப் பேசுகிறேன். என்ன சொல்கிறீர்கள்? "நீளமா வேண்டாம் பாய், எடம் கெடச்சாப் போதும்" என்கிறார்! கைகொடுங்கள். கூட்டம் சாட்சி.

இனி மாது அண்ணனிடம் ஒரு வார்த்தை. குட்டையை மூடு என்று ஊரிலேயே உரத்துச் சொல்கிறவர் இன்றைக்கு அவர்தான். ஏன்? எனக்குத் தெரியும் அண்ணே. அந்தக் குட்டையைப் பார்க்கும்போதெல்லாம் நம் கையால் கெடுத்தோமே என்று நெஞ்சு குத்துகிறது. கண்ணில் படாமல் மண்ணைப் போட்டு மூடிவிட்டால் குத்தாது என்று நினைக்கிறீர்கள். குத்தும் அண்ணே. மண்ணுக்கு மேல் லாரி நின்றாலும் குத்தும்.

ஆனால் ஒன்று கேட்கிறேன். இன்று காலை உங்கள் வயக்காட்டு வழியாகச் சைக்கிளில் வந்தேன். உங்கள் வாய்க்கால் ஓரத்தில் என்ன அப்படிப் பச்சைப்பசேலென்று தலையாட்டுகிறது? எழுந்து சொல்லுங்கள். மைக் எட்டாது, நான் வாங்கிச் சொல்கிறேன்... "அது புடுங்குன சம்புங்க. எருவாவட்டும்னு கொட்டுனேன். அது பாட்டுக்கு மொளச்சுக்கிச்சு." கேட்டீர்களா மக்களே! எருவாகட்டும் என்று கொட்டிய சம்பு வேர் பிடித்து நிற்கிறது! நாம் அதைக் கைவிட்டோம், அது நம்மைக் கைவிடவில்லை. தருவீர்களா அண்ணே? ... "எடுத்துக்குங்க. ஆனா இனிமே எவனாச்சும் சுண்ணாம்பு வாளியத் தூக்கிட்டு வந்தா, நான் சும்மா இருக்க மாட்டேன்" என்கிறார். கை தட்டுங்கள் ஐயா, நன்றாகத் தட்டுங்கள்!

வேர் இருக்கிறது. வண்டி இருக்கிறது. நட்டால் மறு மழைக்குள் தண்டு எழும். இனி வேண்டியது உங்கள் சம்மதம். கை தூக்கச் சொல்லி உங்களைக் கேட்பதாக இருந்தேன். தலைவர் எண்ணுவதாகவும் இருந்தார்...

கொஞ்சம் பொறுங்கள். தாய்மார்கள் பகுதியில் என்ன சலசலப்பு? யார் எழுந்திருப்பது? ரஹமத்? எங்கே போகிறாய்? உடம்புக்கு ஏதும் முடியவில்லையா? பாஞ்சாலி அம்மா, நீங்களும் எழுந்துவிட்டீர்களா? வழி விடுங்கள் தம்பிகளே, வழி விடுங்கள். வீட்டுக்கா? இல்லை, வீட்டுப் பக்கம் திரும்பவில்லை.

பெரியோர்களே, திரும்பிப் பாருங்கள். மேடையைப் பார்க்காதீர்கள், பின்னால் பாருங்கள். அவர்கள் கரை ஏறுகிறார்கள். முந்தானையை மூக்கில் வைத்துக்கொண்டு, அந்த நாற்றத்தின் நடுவே, நடைபாதையில் நடக்கிறார்கள். ஒருத்தி, இருவர், இதோ ஜமக்காளமே காலியாகிறது. தள்ளாத ஆயா ஒருத்தரைக் கைத்தாங்கலாக ஏற்றிக்கொண்டு போகிறார்கள். இந்த ஊரில் தாய்மார்கள் கூட்டத்தின் பாதியில் எழுந்து போய் நான் பார்த்ததில்லை. என் மனைவி நூறு பேர் பார்க்க நடந்ததையும் நான் பார்த்ததில்லை.

தலைவர் அவர்களே, கைகளை எண்ண வேண்டாம் என்று நினைக்கிறேன். கரையில் கால்களை எண்ணிக்கொள்ளுங்கள். திங்கட்கிழமை மன்றத்தில் தீர்மானம் வரும்போது, மண் லாரியை இவர்களைத் தாண்டி எப்படிக் கொண்டுபோவது என்று மட்டும் கேட்டுச் சொல்லுங்கள்.

பொறுமையாகக் கேட்ட பெரியோர்களுக்கும், எதிர்த்துப் பேசிக் கைகொடுத்த சர்தார் பாய்க்கும், சம்பு தரும் மாது அண்ணனுக்கும், அடிக்கடி இருமினாலும் என்னைக் கைவிடாத இந்த ஒலிபெருக்கிக்கும் என் நெஞ்சு நிறைந்த நன்றி. இன்னும் பேசச் செய்தி இருக்கிறது. ஆனால் கரையில் ரஹமத் முன்னால் போய்க்கொண்டிருக்கிறாள். நானும் கூட நடக்க வேண்டும். வருகிறவர்கள் வாருங்கள். வணக்கம்.